வீட்டுச் சுவருக்கு எந்த மினுமினுப்பு?

1. அளவு

ஒரே நிறம் மேட் பூச்சில் ஒரு மாதிரியும் கிளாஸ் பூச்சில் வேறு மாதிரியும் தெரிகிறது. பூச்சின் மேற்பரப்பு ஒளியைத் திருப்பும் விதமே இதற்குக் காரணம். மெருகேற்றிய கறுப்புக் கண்ணாடியை 100 என்று கொண்டு, பெரும்பாலும் 60 பாகைக் கோணத்தில் ஒளியைச் செலுத்தி மினுமினுப்பை அளப்பார்கள். ஏறக்குறைய 10-க்குக் கீழ் மேட், 70-க்கு மேல் கிளாஸ், நடுவில் சாட்டின், செமி கிளாஸ். பெயர்கள் கம்பெனிக்குக் கம்பெனி மாறும்.

2. காரணம்

பெயின்ட்டில் பிசின் மிகுந்தால், காய்ந்த படலம் வழவழப்பாகி மின்னும். தூள் மிகுந்தால் துகள்கள் மேலே துருத்தி ஒளியைச் சிதறடிக்கும். கறையைத் துடைக்கும் வசதியும் பிசினையே பொறுத்தது. சாதாரண மேட் சுவரில் குழந்தையின் பென்சில் கிறுக்கலை ஈரத்துணியால் அழுத்தித் தேய்த்தால், கிறுக்கல் போனாலும் தேய்த்த இடம் மட்டும் திட்டாகப் பளபளக்கும்.

3. சுவரின் நிலை

தேர்வில் முதலில் பார்க்க வேண்டியது சுவரின் நிலையைத்தான். நம் வீடுகளில் கடைசியாகப் பார்ப்பதும் இதுதான். இரவில் விளக்கை அணைத்து, டார்ச்சைச் சுவரோடு ஒட்டிப் பிடித்து அடித்துப் பாருங்கள். கரணையின் தடம், பட்டி பார்த்த மேடுபள்ளம், உப்புத்தாள் படாத ஓரம் எல்லாம் நிழலோடு எழும். ஜன்னலை ஒட்டிய சுவரில் பகல் வெளிச்சமும் இதையே செய்யும். மினுமினுப்பு கூடக்கூடக் குறைகள் எடுப்பாகத் தெரியும்; மேட் அவற்றை அடக்கும். பின்னாளில் டச்சப் செய்தாலும் மேட் பூச்சில் ஒட்டு அவ்வளவாகத் தெரியாது. ஓதம் ஏறிய சுவரில் எந்தப் பூச்சும் நிற்காது. எனாமல் போன்ற இறுகிய படலமானால் கொப்புளித்து உரியும். முதலில் ஓதத்தை நிறுத்த வேண்டும்.

4. இடம்

கூரைக்கு மேட். கூடத்துக்கும் படுக்கையறைக்கும் மேட் அல்லது மெல்லிய மினுமினுப்பு. தாளிப்பு தெறிக்கும் அடுப்படிக்கும், கைபடும் மாடிப்படிச் சுவருக்கும் சாட்டின். கதவு, ஜன்னல் கம்பிக்குக் கிளாஸ் எனாமல். கூடம் முழுவதும் பளபளக்க வேண்டும் என்ற ஆசை இருந்தால், அதற்கான பணத்தைப் பெயின்ட்டுக்கு முன் பட்டி வேலைக்கு ஒதுக்குங்கள். ஜன்னலோரம் ஒரு சதுர அடியில் இரண்டு கோட் அடிக்கச் சொல்லி, காலையிலும் இரவிலும் பார்த்த பிறகே பெயின்ட் வாங்குங்கள்.