குரல் முன்னே, கோடு பின்னே

1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளருக்காக நெல்லையில் நடந்த ஊர்வலத்தைக் காவல்துறை அடித்துக் கலைத்தது. தாமிரபரணிக்குள் விரட்டப்பட்டவர்களில் 17 பேர் இறந்துபோனார்கள். பெண்களும் ஒரு கைக்குழந்தையும் அதில் அடக்கம். அன்று ஆற்றங்கரையில் கேமராக்கள் இருந்தன. ஆர்.ஆர். சீனிவாசனின் 'நதியின் மரணம்' ஆவணப்படம் அந்தக் காட்சிகளின் துணையோடு பேசுகிறது.

நம் கடலோர ஊரான உவரியின் கடலில் நேர்ந்த சாவுகளுக்கு அப்படி ஒரு கரை வாய்க்கவில்லை. கட்டுமரம் ஏறிப் போய்த் திரும்பாதவரின் கடைசி நாழிகையைப் பார்த்தவர் யாருமில்லை. உடலும் கிடைக்காமல், அடக்கம் செய்ய வழியில்லாமல், பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கிய பெண்களின் வரலாறு அதைவிடவும் தடமற்றது. இவ்வூர்க்காரரான ஜோ டி குருஸ் 'ஆழி சூழ் உலகு' (2004) நாவலில் கடல்மேல் தத்தளிக்கும் ஆண்களை எழுத்தில் கொண்டுவந்தார். கரையில் காத்திருந்தவர்களை ஆவணப்படம் எப்படிக் காட்டும்? வரைந்துதான் காட்ட முடியும் என்பது என் துணிபு.

வரைந்தது எப்படி ஆவணமாகும் என்று கேட்பவர் உண்டு. அதற்கு முன்னோடியும் ஒரு கடல் சாவுதான். 1915 மே 7 அன்று ஜெர்மானிய நீர்மூழ்கிக் கப்பல் தாக்கி, அயர்லாந்துக் கரையருகே 'லூசிடானியா' மூழ்கியது. ஏறத்தாழ 1,200 பேர் மாண்டனர். படப்பதிவு எதுவும் இல்லை. அமெரிக்கரான வின்சர் மெக்கே அதைக் கையால் வரைந்து 1918இல் திரைப்படமாக்கினார். ஆனால் அது பகைவன்மேல் சினமூட்டிய போர்க்காலப் படமும்கூட. கோட்டுக்கு உண்மை தானாக வந்துவிடாது. அதை நங்கூரமிட்டுப் பிடித்து நிறுத்துவது பாதிக்கப்பட்டவரின் குரல்.

இதைக் கொரியர்கள் நன்கு உணர்ந்திருக்கிறார்கள். ஜப்பானியப் படைக்குப் பாலியல் அடிமைகளாக்கப்பட்ட பெண்களில் ஒருவரான கிம் ஹாக்-சுன், 1991 ஆகஸ்ட் 14 அன்று தம் முகத்தோடும் பெயரோடும் உலகின்முன் பேசினார். அதன்பின் பலர் பேசத் துணிந்தனர். அவர்களில் சோங் சோ-உன், சிறையிலிருக்கும் தந்தையை விடுவிப்பதாக ஆசைகாட்டி அழைத்துச் செல்லப்பட்டவர். கிம் ஜுன்-கி 2011இல் உருவாக்கிய குறும்படத்தில் அவருடைய பதிவான குரலே கதை சொல்கிறது; அசைவூட்டிய உருவங்கள் அதன் பின்னே செல்கின்றன. வன்கொடுமையை நடிகையரைக் கொண்டு நடித்துக்காட்டினால் அந்தப் பெண் மறுபடியும் வேடிக்கைப் பொருளாகிவிடுவாள். வரைபவருக்கோ எதை வரையாமல் விடுவது என்ற உரிமை இருக்கிறது. இந்தக் கலையின் அறம் அங்கேதான் இருக்கிறது என்று நம்புகிறேன்.

இந்தியாவில் இவ்வழியில் மிக அழகாக நடந்தவர் நினா சப்னானி. அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்திலும் பின்னர் மும்பை ஐ.ஐ.டி.யிலும் பயிற்றுவித்தவர். 'முகுந்த் அண்ட் ரியாஸ்' (2005) படத்தில், கராச்சியில் பிரிவினையால் தோழனைப் பிரிந்த தம் தந்தையின் நினைவைத் துணி ஒட்டுவேலையின் சாயலில் உயிர்ப்பித்தார். சிந்துப் பகுதிப் பெண்களின் கைவேலை அது.

2009இல் வந்த 'டாங்கோ போலே சே' இன்னும் ஒரு படி மேல். 1971 போரின்போது சிந்துப் பகுதியிலிருந்து எல்லை கடந்து குஜராத்தின் கட்சுக்கு வந்த குடும்பங்களின் கதை. 2001 ஜனவரி 26 நிலநடுக்கமும் அதில் வருகிறது. ராணிபென், மேகிபென் முதலிய கைவினைஞர்கள் தாங்களே பேசுகிறார்கள். அவர்கள் தைத்த துணியுருவங்களே திரையில் நடக்கின்றன. அகதியாக வந்த நாளையும் வீடு இடிந்த நாளையும் எந்த நிறத் துணியில், எந்தத் தையலில் காட்டலாம் என்பதில் அவர்கள் கையும் கண்ணும் இருக்கின்றன. பேட்டி கொடுத்தவர் என்ற நிலையிலிருந்து படைப்பாளி என்ற நிலைக்குப் பெண் உயர்வது இந்தப் படத்தில் கண்கூடு. சென்னையின் தூலிகா பதிப்பகம் இவ்விரு கதைகளையும் குழந்தைகளுக்கான நூல்களாக வெளியிட்டதையும் நன்றியோடு குறிப்பிட வேண்டும். பேரப்பிள்ளைகளின் கைக்கும் அவை போய்ச் சேர வேண்டும் அல்லவா!

நம் கரைக்கும் கைவேலை உண்டு. தேரிக்காட்டுப் பனையோலையைக் கிழித்து, சாயம் தோய்த்து, பெட்டியும் பாயும் முடையும் விரல்கள் இந்த வட்டாரத்தில் ஏராளம். மணப்பாட்டில் பனையோலைக் கைவினைக்கெனப் பெண்கள் கூட்டுறவுச் சங்கமே இருக்கிறது. சாய ஓலையில் கட்டுமரமும் அலையும் உவரியின் கப்பல் மாதா கோவிலும் முடைந்து, ஒவ்வொரு படமாக நகர்த்தி எடுக்க இன்று ஒரு கைப்பேசியும் பொறுமையும் போதும். அதைக் கற்றுக்கொள்ள நம் கல்லூரிப் பெண்கள் தயங்க மாட்டார்கள்.

ஆனால் வேலையின் வரிசை முக்கியம். சோங் சோ-உன் 2004இல் காலமானார். படம் வந்ததோ ஏழாண்டு கழித்து. முன்பே அவர் குரலைப் பதிந்து வைத்திருந்ததால்தான் அது முடிந்தது. பாய்மரக் காலத்துக் கடலுக்குப் புருஷனை அனுப்பிய உவரிப் பெண்கள் இன்று எண்பதைத் தாண்டியவர்கள். இந்த மலரைக் கொண்டுவரும் இளைஞர்கள் ஓலையைத் தொடுமுன், அந்தப் பாட்டிமார் திண்ணையில் போய் அமரட்டும். அவர்கள் சம்மதம் கேட்டு, குறுக்கே பேசாமல், சொல்வதை முழுதாகப் பதிந்துகொள்ளட்டும். பெயர் வெளியே தெரிய வேண்டாம் என்பவருக்கு அந்த உறுதியையும் எழுதிக் கொடுக்கட்டும்.