மேடையில் இல்லாத ஆண்டுகள்

1952இல் ஒரு பரதநாட்டிய அரங்கேற்றம். இராயலசீமா வறட்சி நிவாரண நிதிக்காக நடத்தப்பட்டது. ஆடியவர் சந்திரலேகா, மராட்டிய மாநிலத்து வாடாவில் பிறந்து, சட்டப் படிப்பைப் பாதியில் விட்டு, சென்னைக்கு வந்து காஞ்சிபுரம் எல்லப்பா பிள்ளையிடம் நடனம் பயின்றவர். யமுனையில் நீர் இறைத்து விளையாடும் காட்சியை அபிநயித்துக்கொண்டிருந்தபோது, வெடித்துக் கிடக்கும் வறண்ட நிலத்தின் படங்கள் அவர் மனத்தில் எழுந்தன. கையில் நீர், நிதி திரட்டுவதோ நீரற்றவர்களுக்காக. அந்த முரண் தம்மை உறையச் செய்ததாக அவரே பின்னாளில் பதிவு செய்திருக்கிறார்.

நடன வரலாற்று நூல்களில் இந்நிகழ்ச்சி அடிக்கடி எடுத்தாளப்படுகிறது. ஆனால் அதற்குப் பின் வந்த முப்பதாண்டுகளை அவை விரைந்து தாண்டிவிடுகின்றன. 1960இல் ‘தேவதாசி’, 1972இல் ‘நவகிரகம்’ என்று இரண்டு வரிகள். பிறகு நேரே 1984ஆம் ஆண்டு மும்பையில் நடந்த கிழக்கு–மேற்கு நடனச் சந்திப்பு, அடுத்த ஆண்டு ‘அங்கிகா’. இடைப்பட்ட காலத்தில் அவர் ‘நடனத்தை விட்டு விலகியிருந்தார்’ என்பது வழக்கமான வாய்பாடு.

விலகியிருந்த காலத்தில் என்ன செய்தார்? கவிதை எழுதினார். சுவரொட்டிகள் வடிவமைத்தார். ஓவியரும் வடிவமைப்பாளருமான தசரத் பட்டேல், எழுத்தாளர் சதானந்த் மேனன் ஆகியோருடன் சேர்ந்து, பெண்கள் இயக்கத்துக்கும் மனித உரிமைப் பணிகளுக்கும் காட்சி மொழி ஒன்றை உருவாக்க உழைத்தார். இவை நடன ஆய்வாளருக்கு ‘நடனம் அல்ல’. கலை வரலாற்றாளருக்கு ‘ஒரு நடனக்கலைஞரின் பக்கவேலை’. ஆகவே இரு துறையிலும் அவை கணக்கில் வரவில்லை. (என் ஆய்வு முன்மொழிவைச் சமர்ப்பித்தபோது முதலில் எழுந்த வினாவும் ‘இது எந்தத் துறை?’ என்பதுதான். ஆதலால் இவ்விஷயத்தில் நான் முற்றிலும் நடுநிலையாளன் அல்லேன்.)

மொழியியல் பயின்றவனுக்கு ‘அங்கிகா’ ஒரு தனி ஈர்ப்பு உடையது. அடவுக்கு அகராதிப் பொருள் இல்லை. அதைத் தாங்கும் ‘தை தை தத்’ என்ற சொற்கட்டுக்கும் இல்லை. ஆனால் எது எதைத் தொடரலாம், எங்கே முடியலாம் என்ற ஒழுங்கு உண்டு. அதாவது தொடரியல் உண்டு. பொருளை ஏற்றுவது அபிநயம். சந்திரலேகா செய்தது அந்தப் பொருளடுக்கை உரித்தெடுத்ததுதான். நாயகனுக்காகக் காத்திருக்கும் நாயகி இல்லை, பக்தி இல்லை, அரைமண்டியும் அடவும் களரிப்பயட்டும் யோகமும் ஒரே உடலின் இலக்கணமாக மேடையில் நின்றன. 1989இல் ‘லீலாவதி’யில் இன்னும் துணிந்தார். பன்னிரண்டாம் நூற்றாண்டுப் பாஸ்கரரின் கணித நூலை, தேனீக்களையும் தாமரையையும் எண்ணச் சொல்லும் அதன் வினாக்களோடு, நடனமாக்கினார். கணக்குப் புத்தகத்துக்கு ஆட இயலுமா என்று கேட்போர், அந்நூல் செய்யுளில் இயன்றது, சந்தம் உடையது என்பதை மறந்துவிடுகிறார்கள்.

இங்கே எனக்கு ஒரு மறுப்பு உண்டு. அவரைப் போற்றுவோர் பெரும்பாலும் இதைத் தொடுவதில்லை. அபிநயம் என்பது பக்திப் பூச்சு மட்டுமன்று. பதங்களையும் ஜாவளிகளையும் காத்தளித்த மரபுவழிப் பெண்கலைஞர்கள் உடலையும் வேட்கையையும் பற்றி ஒளிவுமறைவின்றிப் பேசியவர்கள். சிருங்காரத்தைத் தூய்மைப்படுத்த முனைந்தோருக்கு எதிராக அதன் மேன்மையை நிலைநாட்டியவர் பாலசரசுவதி. மீட்டுருவாக்கத்தின் பாசாங்கை எதிர்த்த சந்திரலேகா, அப்பாசாங்கு அடக்க முயன்ற அதே குரலையும் சேர்த்தே ஒதுக்கிவிட்டாரோ என்ற ஐயம் எனக்கு நீங்கவில்லை. உடலின் விடுதலையை நாடிய இரு வழிகள் அவை. ஒன்று பாட்டின் சொல்லுக்குள், மற்றது சொல்லுக்கு வெளியே.

ஆயினும் சுவரொட்டி ஆண்டுகளை ‘இடைவெளி’ என்று சொல்வது பிழை. 1991இல் வந்த ‘ஸ்ரீ’யைப் பாருங்கள். முதுகு வளைந்த பெண்கள் மேடையைக் குறுக்காக மெல்லக் கடக்கிறார்கள். அது நாட்டிய சாத்திரத்தின் எந்தக் கரணமும் அன்று. ஒற்றைப் பார்வையில் பதிந்துவிடும் கோட்டோவியம் அது. தெருவில் நடந்து செல்பவர் நிற்காமலே படித்துவிட வேண்டிய சுவரொட்டியின் தருக்கம் அது. ‘அங்கிகா’வில் ஆணின் முதுகின்மேல் ஏறி அமர்ந்து வரும் பெண்ணும் அவ்வாறே. வரைகலை அவருக்குத் தொகுப்புமுறையைக் கற்றுத் தந்தது. பெண்கள் இயக்கம் யாருடைய முதுகெலும்பைப் பற்றிப் பேச வேண்டும் என்பதைக் கற்றுத் தந்தது. அந்த ஆண்டுகளைக் கழித்துவிட்டால் ‘ஸ்ரீ’ எங்கிருந்து வந்தது என்று விளக்க முடியாது.

2004இல் சங்கீத நாடக அகாதெமி தன் மதிப்புறு உறுப்பினராக அவரைச் சேர்த்துக்கொண்டது. 2006 டிசம்பர் 30 அன்று சென்னையில் மறைந்தார். பெசன்ட் நகர்க் கடற்கரையை ஒட்டிய அவருடைய வீடு ‘ஸ்பேசஸ்’ என்ற பெயரில் கலைகளுக்கான இடமாயிற்று.

இறுதிப் படைப்பு ‘சரீரா’. ஒரு பெண், ஓர் ஆண், குந்தேச்சா சகோதரர்களின் துருபத். கதை இல்லை, அவசரம் இல்லை. ஒரு கால் தரையிலிருந்து எழுவதைப் பார்க்கவே பொறுமை வேண்டும். அதை 2001இல் உருவாக்கியபோது அவருக்கு வயது 72.