மூர் மார்க்கெட்டும் பழைய புத்தக வணிகமும்

சென்னை சென்ட்ரல் ரயில் நிலையத்தை ஒட்டி, இந்திய, இஸ்லாமியக் கட்டடக் கூறுகளை ஐரோப்பிய அமைப்போடு இணைக்கும் இந்தோ-சரசனிக் பாணியில் செங்கல்லால் எழுப்பப்பட்ட மூர் மார்க்கெட்டுக்கு 1898-இல் அடிக்கல் நாட்டப்பட்டது. மாநகராட்சித் தலைவராக இருந்த ஜார்ஜ் மூரின் பெயரைத் தாங்கிய அச்சந்தை, பிராட்வேயில் நெரிசலும் தூய்மைக் குறைவும் மிகுந்திருந்த பழைய சந்தைக்கு மாற்றாக 1900-இல் திறக்கப்பட்டது. எனினும் நகரத்தார் நினைவில் அதை நிலைநிறுத்தியவர்கள் பழைய புத்தக வியாபாரிகளே ஆவர்.

அவ்வணிகத்தின் அடிப்படை எடைக்கும் விலைக்கும் இடையிலான வேறுபாட்டில் இருந்தது. வீடுகளிலிருந்து பழைய பேப்பர்காரர் எடைபோட்டு வாங்கிச் சென்ற குவியலில் கிடந்த அகராதியையோ, பைண்டு செய்யப்பட்ட தொடர்கதையையோ, நின்றுபோன பதிப்பையோ இனங்கண்டு பிரித்தெடுத்து, அதைத் தேடி வரக்கூடியவர் யார் என்பதையும் மனத்தில் வைத்திருந்து விலை சொல்வது வியாபாரியின் திறமை. பெரும் படிப்பில்லாதவர்களும் கடையிலேயே வளர்ந்து பெற்ற இந்த அறிவு, நூலகவியலாளரின் அறிவுக்கு எவ்வகையிலும் குறைந்ததன்று. பேரம் பேசி வாங்கிய பாடப்புத்தகத்தை ஆண்டு முடிந்ததும் குறைந்த விலைக்குத் திரும்பக் கொடுக்கும் வழக்கத்தால், ஒரே பிரதி பல மாணவர்களின் கைகளுக்கு மாறியது. புதுப் புத்தகம் வாங்க இயலாத குடும்பங்களுக்கு இது எத்துணை பெரிய உதவி என்பதைக் கல்வி வரலாறு எழுதுவோர் போதிய அளவு கவனித்ததில்லை.

1985 மே 30 அன்று மூர் மார்க்கெட் தீக்கிரையானது. பள்ளிகள் திறக்கும் ஜூன் மாதத்தை எதிர்நோக்கிச் சரக்கு சேர்க்கும் பருவத்தில் நேர்ந்த அவ்விபத்து, காகிதத்தையே முதலாகக் கொண்டிருந்தவர்களை மற்றெவரையும்விடக் கடுமையாகத் தாக்கியது. சந்தை நின்ற நிலத்தில் புறநகர் ரயில்களுக்கான நிலையக் கட்டடம் எழுந்தது. வியாபாரிகள் அருகிலுள்ள அல்லிக்குளம் வளாகத்துக்குப் பெயர்ந்து, புதிதாகச் சரக்குச் சேர்த்து, பழைய வாடிக்கையாளர்கள் தேடி வரும் அளவுக்கு வணிகத்தை மீட்டெடுத்தனர். கட்டடம் அழிந்தபின்னும் தொழில் பிழைத்ததற்குக் காரணம், அதன் உண்மையான முதலீடு சுவர்களில் அல்லாமல் நினைவாற்றலிலும் நம்பிக்கையிலும் இருந்ததே.

கட்டியவர், திறந்தவர் ஆகியோரைப் பற்றிய குறிப்புகள் ஆவணங்களில் உள்ளன. விற்றவர்களின் வாழ்க்கையோ பெரும்பாலும் அவர்களது வாய்மொழியிலேயே தங்கியிருக்கிறது. தீ விபத்துக்கு முன் அங்கே கடை வைத்திருந்தோர் முதுமை எய்திவிட்டமையால், அவ்வாய்மொழியைப் பதிவு செய்யும் பணியைச் சென்னையின் வரலாற்று ஆய்வாளர்கள் தாமதமின்றி மேற்கொள்ள வேண்டும்.