அறுந்த விரலும் அத்வைதமும்

பேர்மிங்ஹாம் தகரத் தொழிற்சாலையில் ரோனி அயோமிக்கு அன்றுதான் கடைசி நாள் வேலை. வயது 17. இயந்திரம் வலக்கையின் நடுவிரல், மோதிரவிரல் நுனிகளைக் கொண்டுபோய்விட்டது. இடக்கைக்காரரான அவர் கிற்றாரின் தந்தியை அழுத்துவது அந்தக் கையால்தான். பிளாஸ்ரிக் போத்தலை உருக்கி விரலுக்கு உறை செய்தார், மெல்லிய தந்திகளைப் பூட்டினார். 1971இல் தம் குழுவின் மூன்றாவது இசைத்தொகுப்பின் சில பாட்டுகளுக்குச் சுருதியையும் மூன்று அரைச்சுரம் இறக்கினார். ஹெவி மெட்டல் இசையின் முன்னோடி எனப்படும் அந்தக் குழுவான 'பிளாக் சபாத்'தின் கனத்த ஓசையில் அந்தக் காயத்துக்குப் பெரும்பங்குண்டு.

1992இல் சிங்கப்பூர்த் தமிழ் இளைஞர்கள் 'ருத்ரா' என்ற மெட்டல் குழுவைத் தொடங்கியபோது அந்த ஓசை ஆயத்தமாக இருந்தது. இல்லாதது பொருள். பேஸ் வாசித்துப் பாடும் கதிர் வேதாந்தம் படித்தவர். உறுமும் குரலில் சமஸ்கிருத சுலோகம் வந்தது. அதற்கு 'வேத மெட்டல்' என்று பெயரும் வைத்தார்கள். 1998இல் முதல் தொகுப்பு. 2005, 2009, 2011 ஆண்டுகளில் 'பிரம்மவித்யா' என்ற மூன்று தொகுப்புகள்.

சபாத் பாடியது பயத்தை. சாத்தான் கூட்டம் என்று ஏசினார்கள். ஆனால் அவர்களின் பெயர்பெற்ற பாட்டொன்று போரை ஏவிவிட்டு ஒதுங்கும் அரசியல்வாதிகளைச் சாடுகிறது. ருத்ராவுக்கோ எதிரி வெளியில் இல்லை, 'நான்' என்ற நினைப்புத்தான். மந்திரமும் உறுமலும் எப்படிப் பொருந்தும் என்று மறிச்சுக்கட்டிக்காரர் கேட்கத் தேவையில்லை. நம் கரை முத்துக்குளிப்புக் கரை. சுறாவின் வாயைக் கட்ட மந்திரம் ஓதும் கடற்கட்டியை நம்பித்தான் அக்காலக் குளிகாரர் கடலில் இறங்கினார்கள். வெள்ளைக்கார அரசே கடற்கட்டிக்குக் கூலி கொடுத்தது.

செல்வாக்கில் சபாத்தும் ருத்ராவும் ஒரு தராசில் நிற்காது. 2025 யூலை 5இல் பேர்மிங்ஹாமில் சபாத்தின் கடைசி நிகழ்ச்சிக்கு மெட்டாலிக்கா முதலிய பெருங்குழுக்கள் வந்து வாசித்தன. 17 நாளில் பாடகர் ஓசி ஒஸ்போர்ன் காலமானார். ருத்ராவின் வட்டம் சிறியது. சபாத்தின் சுருதியை எவரும் இறக்கிக்கொள்ளலாம்; ருத்ராவைப் பின்பற்ற உபநிடதம் படிக்கவேண்டும்.

எனக்கொரு மனக்குறை உண்டு. ருத்ராவின் பாட்டுகள் பெரும்பாலும் ஆங்கிலமும் சமஸ்கிருதமும். சித்தர் சிவவாக்கியரின் தமிழ்ப் பாட்டுகளின் சந்தத்தில் இல்லாத அடியா, ஆவேசமா? அதை மெட்டலில் பாடத் துணியும் தமிழ்ப் பெடியன்கள் யாராவது இருந்தால், கிற்றாரை எடுங்கள்.