சுவாதி விண்மீனின் கீழ்: பொலினீசியரின் கடற்பயணங்களும் அடையாள மீட்பும்

பசிபிக் பெருங்கடலின் படத்தில் வடக்கே ஹவாய், தென்மேற்கே நியூசிலாந்து, தென்கிழக்கே ராப்பா நூயி எனப்படும் ஈஸ்டர் தீவு ஆகிய மூன்றையும் கோடிட்டு இணைத்தால் ஒரு பெரும் முக்கோணம் கிடைக்கும். இதுவே பொலினீசிய முக்கோணம் ஆகும். இதன் ஒவ்வொரு பக்கமும் ஏறத்தாழ 7,000 கி.மீ. நீளமுடையது. இந்தப் பரப்பில் நிலம் மிகச் சிறிது, மற்றெல்லாம் கடல். ஆயினும் ஐரோப்பியக் கப்பல்கள் இங்கு வருவதற்கு முன்பே, குடியேறத்தக்க தீவுகள் அனைத்திலும் மக்கள் வாழ்ந்திருந்தனர். அவர்கள் ஒரே குடும்பத்தைச் சேர்ந்த மொழிகளைப் பேசினர். ஐந்து என்ற எண்ணுக்கு ஹவாய் மக்கள் 'லிமா' என்றனர். நியூசிலாந்தின் மாவோரி மக்கள் 'ரிமா' என்றனர். வானம் ஹவாயில் 'லானி', மாவோரி மொழியில் 'ரங்கி'.

இரும்பும் திசைகாட்டியும் எழுத்தும் இல்லாத மக்கள் இவ்வளவு தொலைவை எவ்வாறு கடந்தனர்? இக்கேள்வி நெடுங்காலம் அறிஞர்களிடையே விவாதப் பொருளாக இருந்தது. 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அது ஒரு மக்களினத்தின் தன்மதிப்பைப் பற்றிய கேள்வியாகவும் மாறியது.

குடியேற்றத்தின் வரலாறு

பொலினீசியரின் மொழிகள் ஆஸ்திரோனீசிய மொழிக்குடும்பத்தைச் சேர்ந்தவை. இக்குடும்பத்தின் தொடக்க இடம் தைவான் தீவு என்பது பெரும்பாலான மொழியியலாளர் கருத்து. மலாய், பிலிப்பீன்சு மொழிகள், ஆப்பிரிக்கக் கரையருகே உள்ள மடகாசுகரின் மலகாசி மொழி ஆகியவையும் இக்குடும்பத்தின் உறுப்புகளே. ஆகவே, ஒரே மூலத்திலிருந்து பிரிந்த மக்கள் மேற்கே ஆப்பிரிக்காவின் அருகிலும் கிழக்கே தென் அமெரிக்காவை நோக்கிய கடலிலும் குடியேறினர் எனலாம்.

ஏறத்தாழ 3,000 ஆண்டுகளுக்கு முன்பு 'லப்பித்தா' எனப்படும் மட்பாண்டப் பண்பாட்டினர் தொங்கா, சமோவா தீவுகளை அடைந்தனர். அங்கு நீண்ட காலம் தங்கியபின், கி.பி. 1000ஐ ஒட்டிய நூற்றாண்டுகளில் கிழக்கு நோக்கிய பெரும் பயணங்கள் நிகழ்ந்தன. தாஹிட்டி, மார்க்கேசாஸ், ஹவாய், ராப்பா நூயி ஆகியவை அடுத்தடுத்துக் குடியேற்றம் பெற்றன. நியூசிலாந்தில் மக்கள் குடியேறியது 13ஆம் நூற்றாண்டிலாகும்.

இப்பயணங்களுக்குப் பயன்பட்டது இரட்டைத் தோணி. இரண்டு நீண்ட தோணிகளைக் குறுக்குக் கட்டைகளால் பிணைத்து, அவற்றின்மேல் தளம் அமைத்து, பாய் கட்டுவார்கள். இவ்வகைக் கலத்தை ஆங்கிலேயர் இன்று அழைக்கும் சொல் தமிழின் 'கட்டுமரம்' என்பதிலிருந்து சென்றதாகும். நம் கட்டுமரம் மரத்துண்டுகளைச் சேர்த்துக் கட்டிய மிதவை. பொலினீசியருடையது இரண்டு உடல் கொண்ட கலம். பெயர் நம்முடையது; கலம் அவர்களுடையது.

உடன் சென்ற பயிர்கள்

குடியேறச் சென்றவர்கள் வெறுங்கையோடு செல்லவில்லை. சேப்பங்கிழங்கு, வாழை, தென்னை, ஈரப்பலா, கரும்பு, மரப்பட்டைத் துணிக்கான காகித முசுக்கட்டை ஆகியவற்றின் கன்றுகளையும், பன்றி, நாய், கோழி ஆகியவற்றையும் தோணியில் ஏற்றிச் சென்றனர். எல்லாத் தீவுகளிலும் எல்லாம் நிலைக்கவில்லை.

நியூசிலாந்து இதற்குச் சிறந்த சான்று. அது குளிர்ந்த நாடு. அங்குத் தென்னையும் ஈரப்பலாவும் வளரவில்லை. காகித முசுக்கட்டை அரிதாகவே பிழைத்தது. ஆகவே மாவோரிகள் 'ஹரக்கெக்கே' என்ற உள்ளூர்த் தாவரத்தின் நாரிலிருந்து ஆடை நெய்யக் கற்றனர். சர்க்கரைவள்ளிக்கிழங்கைக் குளிர்காலத்தில் அழுகாமல் காக்க, நிலத்தில் குழி அமைத்துச் சேமித்தனர். 'மோவா' என்ற பறக்க இயலாத பெரும்பறவைகள் வேட்டையால் சில தலைமுறைகளுக்குள் அழிந்தன. இயற்கை மனிதரை மாற்றியது. மனிதரும் இயற்கையை மாற்றினர்.

சர்க்கரைவள்ளிக்கிழங்கின் கதை தனித்தன்மை வாய்ந்தது. இதன் தாயகம் அமெரிக்கக் கண்டம். ஐரோப்பியர் வருகைக்கு முன்பே இது பொலினீசியாவில் பயிரிடப்பட்டது. மாவோரிகள் இதனைக் 'குமரா' என்கின்றனர். தென் அமெரிக்காவின் கெச்சுவா மொழியிலும் 'குமர்' போன்ற சொல் பதிவாகியுள்ளது. 2020இல் வெளியான ஒரு மரபணு ஆய்வு, கி.பி. 1200ஐ ஒட்டிய காலத்தில் பொலினீசியரும் இன்றைய கொலம்பியப் பகுதியின் பழங்குடியினரோடு தொடர்புடைய மக்களும் கலந்தனர் எனக் காட்டியது. கொலம்பசுக்கு ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் முன்னரே பசிபிக் கடலின் இரு பக்கத்து மக்களும் சந்தித்துவிட்டனர்.

திசை அறியும் முறை

பொலினீசிய மாலுமி நான்கு வழிகளில் இயற்கையைப் படித்தார்.

முதலாவது, விண்மீன். ஒவ்வொரு விண்மீனும் அடிவானத்தில் எப்போதும் ஏறத்தாழ ஒரே இடத்தில் உதித்து, ஒரே இடத்தில் மறையும். எனவே உதிக்கும், மறையும் இடங்களை மனப்பாடமாக அறிந்தவருக்கு அடிவானமே திசைகாட்டி. ஒரு தீவின் உச்சிவழியே எந்த விண்மீன் செல்கிறது என்பதும் முக்கியம். நாம் சுவாதி என அழைக்கும் விண்மீன் ஹவாயின் தலைக்கு மேலே செல்வது. ஹவாய் மொழியில் அதன் பெயர் 'ஹோக்குலேயா'. மகிழ்ச்சியின் விண்மீன் என்பது பொருள்.

இரண்டாவது, பேரலை. தொலைவில் வீசும் நிலையான காற்றால் எழும் அலைகள் பல நாள் ஒரே திசையில் வரும். மேகம் விண்மீன்களை மறைத்த இரவிலும், அலை தோணியை ஆட்டும் விதத்தை உடலால் உணர்ந்து திசையைக் காப்பார்கள்.

மூன்றாவது, பறவை. சிலவகை ஆலாக்கள் காலையில் தீவிலிருந்து கடலுக்கு மீன்பிடிக்கச் சென்று, மாலையில் உறங்கத் தீவுக்குத் திரும்பும். மாலையில் அவை பறக்கும் திசையில் நிலம் உண்டு. ஆனால் குஞ்சு வளர்க்கும் காலத்தில் அவை காலையிலேயே அலகில் மீனோடு தீவை நோக்கிப் பறக்கும். இந்த வேறுபாட்டை அறியாதவர் நேர் எதிர்த்திசையில் செல்ல நேரிடும்.

நான்காவது, மேகம். தீவின்மேல் மேகம் நகராமல் தேங்கும். ஆழமற்ற பவளக் கடல்நீரின் பச்சை நிறம் மேகத்தின் அடிப்பகுதியில் தெரியும்.

மறுக்கப்பட்ட அறிவு

1769இல் ஆங்கிலேயக் கப்பல் தலைவர் ஜேம்ஸ் குக் தாஹிட்டிக்கு வந்தபோது, துப்பாயா என்ற பூசகரும் மாலுமியுமானவர் அவருடன் கப்பலேறினார். அவர் சுற்றுப்புறத் தீவுகளைக் குறித்த ஒரு படம் உருவாக உதவினார். நியூசிலாந்தில் மாவோரிகளோடு பேசி மொழிபெயர்த்தார். 1770இல் இன்றைய ஜகார்த்தாவில் நோயால் இறந்தார். அவருடைய அறிவைக் குக் நேரில் கண்டார். ஆயினும் பின்வந்தவர்கள் அதை மறந்தனர்.

1947இல் நார்வே நாட்டவரான தோர் ஹெயர்தால் 'கொன்-டிக்கி' என்ற தெப்பத்தில் பெருவிலிருந்து புறப்பட்டு, 101 நாள்களில் துவாமோத்துத் தீவுகளை அடைந்தார். பொலினீசியாவின் தொடக்கக் குடியேறிகள் தென் அமெரிக்காவிலிருந்து காற்றோடு மிதந்து வந்தவர்கள் என்பது அவர் வாதம். 1950களில் ஆண்ட்ரூ ஷார்ப் என்ற வரலாற்றாசிரியர், நெடுந்தொலைவுத் தீவுகளைப் பொலினீசியர் அடைந்தது புயலாலும் தற்செயலாலுமே என எழுதினார். இரண்டு வாதங்களின் விளைவும் ஒன்றே: இம்மக்கள் திட்டமிட்டுக் கடல் கடந்தவர்கள் அல்லர் என்பது.

ஹவாய் மக்கள் அப்போது ஏற்கெனவே பலவற்றை இழந்திருந்தனர். புறத்திலிருந்து வந்த நோய்களால் மக்கள்தொகை குன்றியது. 1893இல் அவர்களுடைய அரசி லிலியுவோகலானி பதவி நீக்கப்பட்டார். 1896இல் ஆங்கிலமே கல்விமொழி எனச் சட்டம் இயற்றப்பட்டது. பள்ளியில் தாய்மொழி பேசிய குழந்தைகள் தண்டிக்கப்பட்டனர். 1898இல் தீவுகள் அமெரிக்காவுடன் இணைக்கப்பட்டன. நாடும் மொழியும் போனபின், முன்னோரின் கடலறிவும் வெறுங்கதை என்றால் எஞ்சுவது என்ன?

ஹோக்குலேயாவின் பயணம்

இக்கேள்விக்குச் செயலால் விடை காண, 1973இல் மானிடவியலாளர் பென் ஃபின்னி, ஓவியர் ஹெர்ப் கானே, டாமி ஹோம்ஸ் ஆகியோர் பொலினீசியக் கடற்பயணக் கழகத்தைத் தொடங்கினர். பழைய வடிவில் ஓர் இரட்டைத் தோணி கட்டப்பட்டு 1975இல் கடலில் இறங்கியது. அதற்கு 'ஹோக்குலேயா' எனப் பெயரிட்டனர்.

தோணி கிடைத்தது, வழிகாட்டி கிடைக்கவில்லை. ஹவாயில் பழைய முறை அறிந்த ஒருவரும் எஞ்சவில்லை. இறுதியில் மைக்ரோனீசியாவின் சத்தவால் என்னும் சிறு தீவைச் சேர்ந்த மவ் பியாலுக் முன்வந்தார். அவர் பொலினீசியர் அல்லர். தம் தீவின் இளைஞர்களும் இவ்வித்தையில் ஆர்வம் இழந்துவருவதைக் கண்டு, அது அழியாதிருக்க வெளியாருக்கும் கற்பித்தார்.

1976 மே 1 அன்று ஹவாயிலிருந்து புறப்பட்ட தோணி, கருவி எதுவுமின்றி ஏறத்தாழ 4,000 கி.மீ. கடந்து, ஜூன் 4 அன்று தாஹிட்டியின் பப்பீட்டே துறைமுகத்தை அடைந்தது. கரையில் ஏறத்தாழ 17,000 பேர் திரண்டிருந்தனர். திட்டமிட்ட பயணம் இயலும் என்பது மெய்ப்பிக்கப்பட்டது.

விலையும் கொடுக்க வேண்டியிருந்தது. 1978 மார்ச்சில் தோணி புயற்காற்றில் கவிழ்ந்தது. உதவி தேடி அலைப்பலகையில் தனியே சென்ற எடி ஐகாவு என்ற கடற்காவலர் திரும்பவேயில்லை. மற்றவர்கள் மீட்கப்பட்டனர். அதன்பின் மவ் மீண்டும் வந்து, நைனோவா தாம்சன் என்ற ஹவாய் இளைஞருக்குப் பயிற்சி அளித்தார். 1980இல் தாம்சன் கருவியின்றித் தாஹிட்டிக்குச் சென்று திரும்பினார்.

மொழியும் மரமும்

கடலில் தொடங்கிய மீட்சி நிலத்திலும் பரவியது. 1978இல் ஹவாய் மொழி ஆட்சிமொழித் தகுதி பெற்றது. மாவோரிகள் 1982இல் 'மொழிக்கூடு' என்ற பெயரில் மழலையர் பள்ளிகளைத் தொடங்கியிருந்தனர். அதனை முன்மாதிரியாகக் கொண்டு, 1984இல் ஹவாயிலும் தாய்மொழி மழலையர் பள்ளி தொடங்கியது. ஒரு காலத்தில் தோணியில் கிழங்கும் கன்றும் சென்ற அதே கடல்வழியில், இம்முறை ஒரு கல்விமுறை சென்றது.

1990ஐ ஒட்டி, முழுதும் இயற்கைப் பொருள்களாலேயே 'ஹவாயிலோவா' என்ற தோணியைக் கட்ட விரும்பினர். அதற்கு வேண்டிய பருமனுள்ள கோவா மரத்தை ஹவாய்க் காடுகளில் மாதக்கணக்கில் தேடியும் கிடைக்கவில்லை. காடுகள் அவ்வளவு சிதைந்திருந்தன. தென்கிழக்கு அலாஸ்காவின் பழங்குடியினர் தம் காட்டிலிருந்து இரண்டு பெரிய ஸ்புரூஸ் மரங்களை அன்பளிப்பாகத் தந்தனர். 1995இல் அத்தோணி நன்றி கூற அலாஸ்காக் கரைக்கே சென்றது. தோணியை மீட்டால் போதாது, தோணி தரும் காட்டையும் மீட்க வேண்டும் என்ற பாடத்தை ஹவாய் மக்கள் பெற்றனர். கோவா மரம் நடும் பணியும் தொடங்கியது.

2014 முதல் 2017 வரை ஹோக்குலேயா உலகையே சுற்றி வந்தது. இந்தியப் பெருங்கடலைக் கடந்து தென்னாப்பிரிக்கா, பிரேசில், நியூயார்க் வழியாகப் பனாமாக் கால்வாய் கடந்து ஊர் திரும்பியது. அப்பயணத்தின் பெயர் 'மாலமா ஹொனுவா'. உலகைப் பேணுதல் என்பது பொருள். மவ் பியாலுக் 2010இல் மறைந்தார். அவரிடமும் அவர் மாணவர்களிடமும் கற்றவர்கள் இன்று பல தீவுகளில் தோணி செலுத்துகின்றனர்.

முடிவுரை

பொலினீசியரின் வரலாறு மாணவர்களுக்கு இரண்டு செய்திகளைத் தருகிறது. எழுத்தில் இல்லாத அறிவும் அறிவே. அதனைக் காப்பது நூலகம் அன்று, கற்பிப்பவரும் கற்பவரும். மேலும், தூய்மையாகத் தனித்து நிற்பதால் மட்டும் ஒரு பண்பாடு பிழைப்பதில்லை. அமெரிக்கக் கிழங்கு, மைக்ரோனீசிய ஆசான், மாவோரிப் பள்ளி, அலாஸ்கா மரம் ஆகிய அனைத்தையும் ஏற்றுக்கொண்டும் ஹவாய் மக்கள் ஹவாய் மக்களாகவே உள்ளனர். கோடைத் தொடக்கத்து இரவில் சப்தரிஷி மண்டலத்தின் வால் வளைவைத் தொடர்ந்து பார்த்தால், செம்பொன் நிறத்தில் ஒளிரும் சுவாதியை நம் ஊரிலிருந்தும் காணலாம்.