மேக்கஸ், ஜோனஸ்

ஜோனஸ் மேக்கஸ் (1922–2019): லிதுவேனியாவில் பிறந்த அமெரிக்கத் திரைப்படக் கலைஞர், கவிஞர். நாட்குறிப்புப் படம் என்னும் வகைக்கு உருவம் தந்தவர்களில் முதன்மையானவர். 1944இல் தம்பி அடோல்பாசுடன் ஊரைவிட்டு வெளியேறி, ஜெர்மனியில் கட்டாய உழைப்பு முகாமிலும், போருக்குப் பின் அகதி முகாம்களிலும் இருந்தார். 1949இல் நியூயார்க் சேர்ந்த சில வாரங்களிலேயே 16 மி.மீ. போலெக்ஸ் கேமரா ஒன்றை வாங்கினார்.

கதையோ நடிகர்களோ இல்லாமல், நண்பர்கள், பனி, தெரு, விருந்து எனக் கண்ணில் பட்டதைச் சில நொடித் துணுக்குகளாகப் படமாக்கினார். சில இடங்களில் ஒற்றைச் சட்டகங்களாகவே பதிவு செய்ததால் காட்சி துடித்து ஓடுகிறது. படத்தொகுப்பின் பெரும்பகுதி படம்பிடிக்கும்போதே கேமராவுக்குள் முடிந்துவிடும். பல ஆண்டுகள் கழித்து அத்துணுக்குகளைக் கோத்து, தம் குரலைச் சேர்ப்பார். தயங்கித் தயங்கிப் பேசும் அக்குரல், படம்பிடித்த இளைஞனைத் தொலைவிலிருந்து விசாரிக்கிறது. இந்தக் கால இடைவெளியே அவர் கலையின் உயிர்நிலை.

'வால்டன்' (1969), 'லாஸ்ட், லாஸ்ட், லாஸ்ட்' (1976) ஆகியவை புகழ்பெற்றவை. ஆயினும் 'லிதுவேனியப் பயண நினைவுகள்' (1972) தனித்து நிற்கிறது. கால் நூற்றாண்டுக்குப் பின் தாயைச் சந்திக்கும் மகன், கேமராவைக் கீழே வைக்காமலே உருகுவதை அதில் காணலாம்.

'பிலிம் கல்ச்சர்' இதழ், திரைப்படக் கலைஞர் கூட்டுறவு (1962), ஆந்தாலஜி ஃபிலிம் ஆர்க்கைவ்ஸ் (1970) ஆகியவற்றின் நிறுவனர்களில் ஒருவர்.