புதுச்சேரிக் கரையிலிருந்து திரும்பிய தளபதி

நெப்போலியன் காலப் போர்கள் என்றதும் ஆஸ்டர்லிட்சும் வாட்டர்லூவும்தாம் நினைவுக்கு வருகின்றன. ஈயமும் ரப்பரும் வளர்த்த இந்தக் கோப்பெங்கில் வாழும் நமக்கு அவற்றோடு என்ன தொடர்பு என்று மாணவர் வினவுவது இயல்பே. அவ்வினாவுக்கு ஒரு பிரெஞ்சுத் தளபதியின் வாழ்க்கை விடை தருகிறது. அவர் ஷார்ல் தெகான்.

நெப்போலியன் பிறந்த அதே 1769ஆம் ஆண்டில் நார்மண்டியின் கான் நகரில் பிறந்தவர் தெகான். புரட்சிக் காலத்தில் தொண்டர் படையில் சேர்ந்து, ரைன் படையில் படிப்படியாக உயர்ந்தார். 1800 டிசம்பர் 3ஆம் நாள் ஹோகன்லிண்டன் களத்தில் தளபதி மொரோவின் கீழ் ஒரு படைப்பிரிவை நடத்திப் புகழ் பெற்றார்.

1802ஆம் ஆண்டின் ஆமியான் உடன்படிக்கை, புதுச்சேரி பிரான்சுக்குத் திரும்ப வழிசெய்தது. தெகானை இந்தியப் பகுதிகளின் தலைமைத் தளபதியாக அனுப்பினார் நெப்போலியன். ஆங்கிலேயக் கும்பினியின் பிடியை வெறுக்கும் இந்திய அரசர்களோடு தொடர்பு கொள்வதும் அவருக்கு இடப்பட்ட பணி. 1803 மார்ச்சில் பிரெஸ்ட் துறைமுகத்தை விட்ட கப்பற்படை, ஜூலையில் புதுச்சேரியை அடைந்தது. அதற்குள் ஐரோப்பாவில் மீண்டும் போர் மூண்டிருந்தது. ஆங்கிலேயர் நகரை ஒப்படைக்கவில்லை. அவர்களுடைய போர்க்கப்பல்களும் அருகிலேயே நின்றன. தெகான் இரவோடு இரவாக மொரீசியசுக்கு விலகிச் சென்றார். முன்னரே கரையிறங்கியிருந்த சிறு படை பின்னர்ச் சிறைப்பட்டது.

அவர் நாடி வந்த துணைவர்களும் பெரும்பாலும் வீழ்ந்துவிட்டனர். திப்பு சுல்தானும் கட்டபொம்மனும் 1799இல் மறைந்தனர். மருது சகோதரர்கள் 1801இல் தூக்கிலிடப்பட்டனர். 1806 ஜூலையில் வேலூர்ச் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தபோதோ, அவர்களுக்குத் துணையாகப் பிரெஞ்சுக் கப்பல் எதுவும் வரவில்லை. முந்திய ஆண்டு டிராபல்கரில் பிரெஞ்சுக் கடல்வலிமை முறிந்திருந்தது. தரையில் வென்ற தளபதியைக் கடல் கட்டிப்போட்டது என்றே நாம் கூற வேண்டும்.

அப்போர் நம் கடலையும் தொட்டது. தெகானை அழைத்து வந்த கடற்படைத் தலைவர் லினுவா, 1804 பிப்ரவரியில் ஜொகூருக்குக் கிழக்கே புலாவ் அவுர் அருகே, சீனத்திலிருந்து சரக்கேற்றி வந்த ஆங்கிலேய வணிகக் கப்பல்களை எதிர்கொண்டார். வணிகக் கப்பல்கள் போர்க்கப்பல்கள்போல் கொடியேற்றி அணிவகுத்தன. ஏமாந்த லினுவா பின்வாங்கினார். தெகான் இதனைக் கடுமையாகக் கண்டித்தார்.

1810 ஆகஸ்டில் கிராண்ட் போர்ட் கடற்போரில் பிரெஞ்சுக்காரர் வென்றனர். அவ்வெற்றி நிலைக்கவில்லை. சென்னை, பம்பாய், கல்கத்தா, நன்னம்பிக்கை முனை ஆகிய இடங்களின் படைகள் திரண்டு தீவில் இறங்கின. 1810 டிசம்பர் 3ஆம் நாள், ஹோகன்லிண்டன் வெற்றிக்குச் சரியாகப் பத்தாண்டு கழித்து, சரணாகதி ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. தெகான் தம் வீரர்களைப் போர்க்கைதிகளாக விடாமல், பிரான்சுக்குத் திருப்பி அனுப்பும் உறுதியைப் பெற்றார். பின்னர்க் கட்டலோனியாவில் படை நடத்தி, 1832இல் காலமானார்.

மொரீசியசு வீழ்ந்ததும் ஆங்கிலேயரின் அடுத்த இலக்கு, அப்போது நெப்போலியன் ஆட்சிக்கு உட்பட்டிருந்த சாவகம். 1811இல் அதற்கான படைகள் மலாக்காவில் கூடின. சென்னையிலிருந்து வந்த பிரிவுகளும் அவற்றுள் இருந்தன. தமிழ்க் குருதியும் கலந்த குடும்பத்தில் பிறந்த முன்ஷி அப்துல்லா, இளமையில் கண்ட அக்காட்சியைத் தம் வரலாற்று நூலில் பதிவு செய்துள்ளார். அவ்வாண்டு செப்டம்பரில் சாவகம் பணிந்தது.

இவ்வாறு இந்தியப் பெருங்கடலில் ஆங்கிலேயரை எதிர்க்கும் ஐரோப்பிய வல்லரசு இல்லாதொழிந்தது. தெகான் காலத்திலும் நீடித்த மொரீசியசு அடிமைமுறை 1835இல் ஒழிந்தபோது, கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாக இந்தியர் கொண்டுசெல்லப்பட்டனர்; அவருள் தமிழரும் இருந்தனர். பின்னர் மலாயாத் தோட்டங்களுக்கும் அதே கொடியின் கீழ்க் கப்பல்கள் வந்தன. வறுமை, சாதிக்கொடுமை, தோட்ட முதலாளிகளின் தேவை எனப் புலம்பெயர்வுக்குக் காரணங்கள் பல. ஆயினும் அக்கடல்வழி யார் கையில் இருந்தது என்பதை 1803க்கும் 1811க்கும் இடைப்பட்ட போர்களே முடிவு செய்தன.

ஆகவே, ஆசிரியர்கள் நெப்போலியனைக் கற்பிக்கும்போது ஐரோப்பிய வரைபடத்தோடு நிறுத்திவிடலாகாது. புதுச்சேரி, மொரீசியசு, புலாவ் அவுர், மலாக்கா ஆகிய நான்கு இடங்களையும் மாணவர் வரைபடத்தில் குறிக்கட்டும். நம் முன்னோர் வந்த கடல்வழியின் வரலாறு அங்கிருந்து அவர்களுக்கு விளங்கத் தொடங்கும்.